நீரழைச்சான் ஏட்டை ஆற்றில் விடப்போகிறவர்களுக்கு

நீரழைச்சான் ஏட்டுக் கதையைத் தொடராக எடுத்த குழுவினருக்கும் அதன் ரசிகர் வட்டத்தாருக்கும்,

வரும் ஆடிப்பெருக்கன்று கும்பகோணத்துக்குப் பக்கத்தில் ஒரு படித்துறையில் கூடி, உங்கள் கதையின் கடைசிக் காட்சியை நடத்திப் பார்க்கப் போவதாக அறிவித்திருக்கிறீர்கள். ஆளுக்கு ஓர் ஓலை கொண்டுவர வேண்டும், அதில் பெயர் எழுதிக் காவிரியில் விட வேண்டும். சரி, அதுவரை எனக்கு ஒன்றுமில்லை. அடுத்த வரிதான் தூக்கத்தைக் கெடுத்தது: "வீட்டில் பழைய ஏடு இருந்தால் அதையே கொண்டுவரலாம், அதுதான் உண்மையான காணிக்கை." அந்த ஒரு வரியைத் திரும்பப் பெறச் சொல்லித்தான் எழுத உட்கார்ந்தேன். யோசிக்க யோசிக்க, அது யாரோ அவசரத்தில் சேர்த்த வரியாகப் படவில்லை. உங்கள் கதையின் வேரிலேயே அது இருக்கிறது. அதனால் மடல் கொஞ்சம் நீளும்.

நான் குடவாசல் பக்கத்துக்காரி. அப்பா கிராமத்து வைத்தியர். பள்ளியில் தமிழ் சொல்லிக்கொடுத்து ஓய்வு பெற்றேன். ஏடு படிக்க அப்பாவிடம் பழகி, பிறகு முறையாகவும் கற்றுக்கொண்டேன். குடவாசல், வலங்கைமான், திருவிடைமருதூர் வட்டாரத்தில் யார் வீட்டிலாவது பழைய ஏடு இருக்கிறது என்று தெரிந்தால் போய்ப் பார்ப்பேன். தூசி தட்டி, எலுமிச்சைப்புல் எண்ணெய் தடவி, இன்ன ஏடு என்று படித்துச் சொல்லி, வீட்டார் சம்மதித்தால் ஒவ்வோர் ஓலையாகப் படம் எடுத்து வைப்பேன். சம்பளம் கிடையாது. காபி கிடைக்கும்.

தொடரைப் பார்க்காமல் திட்டுகிற ஆள் இல்லை நான். ஒரு பகுதி விடாமல் பார்த்தேன். மருதாழி நாடு என்று நீங்கள் கட்டிய உலகம் பிடித்திருந்தது. நீலி ஆறு வற்றவில்லை, ஒருநாள் பாதி வழியில் நின்றுவிடுகிறது, மேற்கொண்டு வரமாட்டேன் என்கிறது. கடைமடையில் மூன்று தலைமுறை ஆட்கள் மணலைப் பார்த்துக்கொண்டே வாழ்ந்து முடிக்கிறார்கள். ஜூன் 12ஆம் தேதி மேட்டூர் திறப்பார்களா மாட்டார்களா என்று வருஷா வருஷம் பேப்பரைப் புரட்டுகிற ஊர்களில் இந்தக் கதை எப்படி இறங்கும் என்பது உங்களுக்கும் தெரிந்தேதான் இருக்கும். அந்த ஆற்றை மறுபடி நடக்கவைக்கும் பாட்டுத்தான் நீரழைச்சான் ஏட்டில் இருக்கிறது. எழுதியவர் பெயர் கிடையாது. ஓர் ஓலையைப் படித்தால் ஒரு முழம் தண்ணீர் வரும். படித்த வரி ஓலையிலிருந்து மறையும். படித்தவர் வாயிலிருந்து ஓர் எழுத்து போய்விடும். குயவர் வீட்டுப் பெண் முதலில் 'ழ'வை இழக்கிறாள். மேகத்தைக் காட்டி மழை என்று சொல்ல வராமல் அவள் தம்பியின் கையைப் பிடித்து உலுக்குகிற இடத்தில் நானும் கண்ணைத் துடைத்துக்கொண்டேன். அதை எழுதியவருக்கு என் பாராட்டு இருக்கிறது, அதில் மாற்றமில்லை.

எனக்குச் சண்டை உங்கள் படிக்காரர்களைப் பற்றி. இரவில் ஒளிந்து ஏட்டைப் பார்த்து எழுதிக்கொள்கிற கூட்டம் அது. ஒரு பிரதி எடுத்தால் ஏட்டின் சக்தி பாதியாகிவிடுகிறது, ஆறு இன்னும் பின்வாங்குகிறது. ஆகவே அவர்கள்தான் வில்லன்கள். நாயகன் அவர்கள் எடுத்த பிரதிகளைத் தேடித் தேடிக் கொளுத்துகிறான், பின்னணி இசை உச்சத்துக்குப் போகிறது. "ஒன்றே ஒன்றாக இருக்கும்வரைதான் அது மந்திரம்" என்று தாடிக்காரப் பெரியவர் சொல்கிறார். கடைசியில் மிஞ்சிய அந்த ஒன்றையும் ஆற்றில் விடுவதோடு கதை முடிகிறது.

மாய உலகத்தில் யாரை வேண்டுமானாலும் வில்லனாக்குங்கள், கேட்க நான் யார்? ஆனால் ஒவ்வொரு பகுதிக்கும் முன்னால் "காவிரிக் கரையில் கிடைத்த உண்மைச் சுவடியைத் தழுவியது" என்று ஓர் அட்டை போடுகிறீர்கள். எந்த ஊர், எவர் வீடு, இப்போது எந்த நூலகத்தில் இருக்கிறது என்று கேட்டு எழுதினேன். பதில் இல்லை. உங்கள் கதாசிரியரோ ஒரு பேட்டியில், ஏடு முழுக்க முழுக்கத் தன் கற்பனை என்று பெருமையாகச் சொல்கிறார். இரண்டில் எது? எனக்கு விடை தெரியும், உங்களுக்கும் தெரியும். தெரியாதவர்கள் பரணில் ஏடு வைத்திருக்கிற வீட்டுக்காரர்கள்.

அப்படி ஒரு வீடு வலங்கைமான் பக்கம். புரட்டாசியில், சரஸ்வதி பூஜைக்காகப் பரணிலிருந்து ஏட்டுக்கட்டை இறக்கியபோது சொல்லி அனுப்பினார்கள். ஏட்டை மூடும் மரச்சட்டங்களில் மேல்சட்டம் இருந்தது, கீழ்ச்சட்டம் இல்லை. கயிறு தொட்டதும் தூளானது. இராமபாணப் பூச்சி ஓரத்திலிருந்து துளைத்துக்கொண்டு நடுவரைக்கும் போயிருந்தது. முதல் ஓலையில் ஒன்றுமே தெரியவில்லை, வெறும் பழுப்பு. துணியில் விளக்குக் கரியைத் தொட்டு எண்ணெயில் குழைத்து லேசாகத் தேய்த்துத் துடைத்தேன். கீறல்களில் மை இறங்கி எழுத்து ஒவ்வொன்றாக மேலே வந்தது. வீட்டுப் பிள்ளைகள் கட்டிலில் ஏறி நின்று பார்த்தார்கள். புள்ளி கிடையாது, நிறுத்தம் கிடையாது, எகர ஏகார வேறுபாடு கிடையாது. கூட்டிக் கூட்டிப் படித்ததில் மாட்டு வாகடம் என்று தெரிந்தது. மாடு அசை போடாமல் நின்றால் என்ன, கன்று பால் குடிக்க மறுத்தால் என்ன, எந்தப் பச்சிலை எந்த அளவு என்று பாட்டாகவே ஓடுகிறது.

படம் எடுக்க விளக்கைப் பொருத்தும்போது அந்த வீட்டு அப்பாயி கையை நீட்டித் தடுத்தார். "டீச்சரம்மா, நீங்க பாருங்க, படிங்க, எண்ணெய் போடுங்க. படம் மட்டும் வேணாம். படி எடுத்தா அதுல உள்ளது போயிடும்னு புள்ள சொல்றான்." புள்ள என்பது கல்லூரியில் படிக்கிற பேரன். உங்கள் தொடரின் சட்டை போட்டிருந்தான்.

நான் கடைசி ஓலையை எடுத்து அப்பாயிக்குப் படித்துக் காட்டினேன். பக்கத்து ஊரில் இன்னார் வீட்டு ஏட்டைப் பார்த்து, பிலவ வருஷம் தை மாதம் எழுதி முடித்தது, எழுத்துப் பிழை சொற்பிழை இருந்தால் பொறுத்துத் திருத்திக்கொள்ளவும், குரு வாழ்க குருவே துணை. அவர்கள் வீட்டுப் பொக்கிஷமே இன்னொருவர் ஏட்டைப் பார்த்து எழுதிய பிரதிதான். அப்பாயி பேரனைப் பார்த்தார். பேரன் போனைப் பார்த்தான். "இருந்தாலும் வேணாம்மா" என்றார் அப்பாயி. வற்புறுத்தவில்லை. அடுத்தவர் வீட்டுச் சொத்து.

ஐப்பசி அடைமழையில் அந்த வீட்டுப் பரண் ஒழுகியிருக்கிறது. தை மாதம் போனபோது ஏடு மரக்கட்டை மாதிரி ஒட்டிப்போயிருந்தது. நுனியைப் பிரித்தால் எழுத்து இருக்கிற தோலோடு உரிந்து வருகிறது. கடைசி ஓலை எது என்றுகூடத் தெரியவில்லை. இந்த மருந்தெல்லாம் வேறெங்காவது வேறொரு வாகடத்தில் இருக்கலாம், இல்லாமலும் போகலாம். படம் எடுக்க அரை நாள் வேலை.

அந்த வீடு மட்டும் என்றால் தலைவிதி என்று விட்டிருப்பேன். உங்கள் தொடர் வந்த பிறகு இதே பதிலை வேறு வீடுகளிலும் கேட்டுவிட்டேன். அதற்கு முன்னால் வேண்டாம் என்றவர்கள் சொன்ன காரணங்கள் வேறு: பங்காளித் தகராறு, பத்திரத்துக்கு உதவும், நல்ல விலை வரும். படி எடுத்தால் சக்தி போய்விடும் என்பது புதுச் சரக்கு, நேராக உங்கள் தாடிக்காரப் பெரியவர் வாயிலிருந்து வந்தது.

ஏடு எப்படிப் பிழைக்கிறது என்பதைக் கொஞ்சம் பேசுவோம். பனை ஓலையோ தாளிப்பனை ஓலையோ, வேகவைத்து, உலர்த்தி, மெருகேற்றி, மஞ்சளும் வசம்பும் வைத்துப் பார்த்துக்கொண்டாலும், நம் ஊர் ஈரத்துக்கும் செல்லுப்பூச்சிக்கும் இருநூறு முந்நூறு வருஷம் தாங்கினால் பெரிய விஷயம். ஆயிரம் வருஷத்துக்கு முந்தைய பாட்டு இன்று நம் கையில் இருக்கிறது என்றால், நடுவில் எவனோ ஒருவன், அப்புறம் இன்னொருவன், மடியில் ஓலையை வைத்து எழுத்தாணியால் கீறிக் கீறி மறுபடி எழுதியிருக்கிறான் என்று அர்த்தம். பெயர் தெரியாத அவர்களைத்தான் நீங்கள் கறுப்புத் துணி போர்த்தி, கண்ணில் சிவப்பு வைத்து, ராத்திரியில் நடமாடவிட்டிருக்கிறீர்கள்.

இதே மண்ணில், பாபநாசத்துக்குப் பக்கத்து உத்தமதானபுரத்துக்காரர் உ.வே. சாமிநாதையர், 1855இல் பிறந்தவர். திருவாவடுதுறையில் மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் படித்து, 1880 முதல் கும்பகோணம் கல்லூரியில் பாடம் சொன்னவர். 1887இல் சீவக சிந்தாமணியைப் பதிப்பித்தார். ஒரு பிரதியில் விட்டது இன்னொன்றில் இருந்தது, ஒன்றில் பிழையானது மற்றொன்றில் சரியாக இருந்தது. ஊர் ஊராகப் போய் அத்தனையையும் ஒப்பிட்டுத்தான் அந்தப் புத்தகம் வந்தது. "ஒன்றே ஒன்று" என்ற உங்கள் சட்டப்படி பார்த்தால் நமக்குச் சிந்தாமணி இல்லை.

அவர் எழுதிவைத்த இன்னொன்று உங்கள் விழாவுக்கு நேராகவே பொருந்தும். பழைய ஏடுகளை என்ன செய்வது என்று தெரியாதவர்கள் ஆடிப் பதினெட்டில் ஆற்றில் விட்டதைக் கேட்டு அவர் துடித்திருக்கிறார். தெற்கே கரிவலம்வந்தநல்லூர்க் கோயிலில் ஏடுகளை நெய்யில் தோய்த்து ஹோமத்தில் போட்டுவிட்டதையும் எழுதியிருக்கிறார். போட்டவர்கள் யாரும் தமிழுக்கு எதிரி இல்லை. பக்தியோடுதான் போட்டார்கள். புனிதமான பொருளைப் புனிதமான இடத்தில் சேர்த்தோம் என்ற நிம்மதியோடு வீட்டுக்குப் போயிருப்பார்கள். அதே நிம்மதியைத்தான் நீங்கள் ஒலிபெருக்கி வைத்து விற்கப் பார்க்கிறீர்கள், அதே நாளில், அதே ஆற்றில்.

அதிசயம் கலந்த ஏட்டுக் கதைதான் வேண்டும் என்றால் அதுவும் இங்கே இருக்கிறது. தேவாரம் கிடைத்த கதையை எடுத்துக்கொள்ளுங்கள். திருநாரையூர்ப் பொல்லாப் பிள்ளையார் நம்பியாண்டார் நம்பிக்கு வழி காட்டுகிறார். ராஜராஜன் என்று சொல்லப்படும் சோழன் தில்லைக்கு வருகிறான். தேவாரம் பாடிய மூவர் கை அடையாளம் வைத்துப் பூட்டிய அறை. திறந்தால் ஏடுகளைப் புற்று மூடியிருக்கிறது. எண்ணெய் ஊற்றிப் புற்றைக் கரைத்து எடுக்கிறார்கள். அரித்ததுபோக மிஞ்சியதுதான் மிச்சம், இந்தக் காலத்துக்கு வேண்டியதை வைத்தோம் என்று ஓர் அசரீரி ஆறுதல் சொல்கிறது. அறை, முத்திரை, புற்று, அசரீரி என்று உங்களுக்குப் பிடித்த எல்லாம் இதில் இருக்கிறது. ஆனால் கிடைத்ததை யாரும் மறுபடி பூட்டவில்லை. தஞ்சைப் பெரிய கோயிலில் திருப்பதியம் என்னும் தேவாரப் பாட்டைப் பாட 48 பேரை ராஜராஜன் நியமித்ததைக் கல்வெட்டே சொல்கிறது. தினம் 48 பேர் வாயில் புழங்கியும் அந்தப் பாட்டுக்குச் சக்தி குறைந்ததாகக் கல்வெட்டில் ஒன்றும் இல்லை.

பரண் ஏடெல்லாம் தேவாரமாக இருக்க வேண்டியதும் இல்லை. பாதிக்கு மேல் கணக்கு, வைத்தியம், ஜோசியம், நல்லதங்காள் கதை. அதிலும் அதிசயம் உண்டு. கணக்கதிகாரம் என்ற பழைய கணக்கு நூலில், பலாப்பழத்தை அறுக்காமலே சுளை எத்தனை என்று சொல்ல ஒரு வெண்பா இருக்கிறது. காம்புக்குப் பக்கத்துச் சிறுமுள்ளை எண்ணி, ஆறால் பெருக்கி, ஐந்தால் வகுக்க வேண்டும். சரியாக வருமா என்பது வேறு விஷயம். ஒரு பலாப்பழத்தைச் சுற்றி உட்கார்ந்து அதை யோசித்த ஆளை எனக்கு நீரழைச்சான் எழுதியவரைவிட அதிகம் பிடிக்கும்.

இனி உங்கள் ஏட்டுக்குப் பயன்படுத்திய ஓலைக்கு வருகிறேன். படப்பிடிப்பு எப்படி நடந்தது என்று நீங்கள் வெளியிட்ட காணொளியில், கலை இயக்குநர் பழைய சாமான் கடையில் வாங்கிய ஓலைகளை மேஜையில் பரப்பி, ஓரத்தை மெழுகுவத்தியில் கருக்கி, மேலே பொன்னிறப் பூச்சு அடிக்கிறார். நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன். அது புது ஓலை இல்லை. துளைக்கு இடப்பக்கம், வழக்கமான இடத்தில், ௩௰௪ என்று ஏட்டெண் இருக்கிறது. முப்பத்து நாலாம் ஏடு. அப்படியானால் முன்னால் முப்பத்து மூன்று இருந்திருக்க வேண்டும். அவை எங்கே? அது என்ன நூல்? பூச்சு அடிப்பதற்கு முன்னால் யாராவது படித்துப் பார்த்தீர்களா? இலக்கிய, வரலாற்று மதிப்புள்ள கையெழுத்துச் சுவடி 75 வருஷத்துக்குக் குறையாமல் பழையதாக இருந்தால் அது தொல்பொருள் என்கிறது 1972ஆம் ஆண்டுச் சட்டம். வழக்குப் போட வரவில்லை நான். உங்கள் கையில் இருந்தது நாடகச் சாமான் இல்லை என்பதைச் சொல்லி வைக்கிறேன்.

ஏடு புதைந்திருக்கிறது என்று உங்கள் வரைபடத்தைப் பார்த்து ஆற்றங்கரைத் திடலைத் தோண்டுகிற பிள்ளைகளைப் பற்றி ஊராட்சியில் பேசிக்கொண்டிருக்கிறார்கள். அதை அவர்கள் பார்த்துக்கொள்வார்கள்.

"கதைதானே டீச்சர்" என்று உங்கள் ரசிகர்கள் சிலர் என்னிடம் சொன்னார்கள். வைத்தீஸ்வரன்கோயிலில் பெருவிரல் ரேகையைக் கொடுத்துவிட்டு, தன் பெயர் ஓலையில் வருமா என்று காத்திருக்கிற கூட்டத்தைப் பார்த்தவர்கள் அப்படிச் சொல்லமாட்டார்கள். நம்பாதவர்களும் ஒருமுறை போய்விட்டு வருகிறார்கள். ஓலை என்றாலே இந்த ஊரில் ஒரு பயமும் பக்தியும் உண்டு, அதைத் தெரிந்துகொண்டுதான் நீங்களும் கதைக்கு ஏட்டைத் தேர்ந்தெடுத்தீர்கள். அந்த அட்டையைப் போட்டு இன்னும் கொஞ்சம் நம்பவைத்தீர்கள். நம்பியவர்கள் நம்பியபடி நடந்துகொள்ளும்போது கதைதானே என்று நழுவ முடியாது.

என் கோரிக்கைகள் இவை. பழைய ஏடு கொண்டுவரச் சொன்ன வரியை உடனே எடுங்கள். எடுத்ததோடு விடாமல், பழைய ஏட்டை யாரும் கொண்டுவர வேண்டாம், ஆற்றில் விட வேண்டாம் என்று அந்தக் குயவர் வீட்டுப் பெண்ணாக நடித்தவரையே பேசவைத்து வெளியிடுங்கள். நான் சொன்னால் எட்டாத காதுக்கு அவர் குரல் எட்டும். விழாவை நிறுத்தச் சொல்லவில்லை. ஆடிப்பெருக்கில் காவிரிக்கு நாங்களும் ஓலை விடுகிறோம், காதோலை கருகமணி. கடைத்தெருவில் கிடைக்கும், எழுத்தில்லாத ஓலை, அம்மனின் காதுக்கு. உங்கள் ரசிகர்களும் அதையே வாங்கி விடட்டும், விற்கிற பெண்களுக்கும் நாலு காசு வரும்.

"உண்மைச் சுவடியைத் தழுவியது" என்ற அட்டையை எல்லாப் பகுதிகளிலிருந்தும் நீக்கி, நீரழைச்சான் ஏடு கற்பனை என்று அதே இடத்தில், அதே அளவு எழுத்தில் போடுங்கள். உண்மையிலேயே அப்படி ஒரு சுவடி இருக்கிறது என்றால் எங்கே என்று சொல்லுங்கள், அடுத்த பேருந்தில் கிளம்பி வருகிறேன்.

படப்பிடிப்புக்கு வாங்கிய பழைய ஓலைகளில் கருக்கியது, பூசியது, வெட்டியது, மிஞ்சியது எல்லாவற்றையும் பட்டியல் போட்டு ஒப்படையுங்கள். தஞ்சாவூர் சரஸ்வதி மகால் நூலகம் இருக்கிறது, தமிழ்ப் பல்கலைக்கழகம் இருக்கிறது. எந்தக் கடையில் வாங்கினீர்கள் என்பதையும் கூடவே சொல்லுங்கள். அந்த முப்பத்து மூன்று ஓலைகள் இன்னும் அங்கேயே கிடக்கலாம்.

அடுத்த பாகம் எழுதுவதாகக் கேள்வி. அதில் ஒரு படிக்காரனையாவது பகலில் நடமாட விடுங்கள். நீங்கள் கொளுத்திய பிரதிகளில் ஒன்றை அவன் எங்காவது ஒளித்து வைத்திருக்கட்டும். இது உத்தரவு இல்லை, ஒரு பார்வையாளரின் ஆசை.

ஆடி முதல் தேதிக்குள் பதில் வேண்டும். ஏற்கெனவே வந்த அறிவிப்பைப் பார்த்துவிட்டு யாராவது கட்டோடு படித்துறைக்கு வந்தே தீருவார்கள். அவர்களுக்காக மேல்படியில் ஒரு மேஜையும் இரண்டு நாற்காலியும் போட இடம் ஒதுக்குங்கள். கொண்டுவருகிற ஏட்டை அங்கேயே படித்துச் சொல்லி, சம்மதித்தால் படம் எடுத்துக்கொண்டு, ஏட்டை வீட்டுக்கே திருப்பி அனுப்புகிறேன். மேஜை நாற்காலி நானே கொண்டுவருவேன், நிழல் மட்டும் நீங்கள் பார்த்துக் கொடுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற தமிழாசிரியை,
குடவாசல் வட்டம்